கணக்கில் வராத இரண்டு கோல்கள்

இங்கிலாந்துக் காற்பந்து ஆட்டக்காரர் ஹாரி கேன், லண்டனின் டோட்டன்ஹாம் அணிக்காக மொத்தம் 280 கோல் அடித்தார். ஜிம்மி கிரீவ்ஸின் 266-ஐத் தாண்டி, அந்தக் கிளப்பின் வரலாற்றில் அதிக கோல் அடித்தவர் என்ற பெயரோடு 2023-இல் பயர்ன் மியூனிக்குக்குப் போனார். அந்த 280-இல் ஒரு கோல் சேரவில்லை. 2019 ஜூலை 21, ஞாயிற்றுக்கிழமை இரவு, சிங்கப்பூர் தேசிய விளையாட்டரங்கில் இத்தாலியின் யுவென்டஸுக்கு எதிராக, 93-ஆவது நிமிடத்தில், நடுக்கோட்டருகே இருந்து அடித்தது. நட்புமுறை ஆட்டம் என்பதால் எந்தப் பேரேட்டிலும் ஏறவில்லை.

அன்றைக்கு நான் அதே அரங்கத்தில் இருந்தேன். ஆனால் கோலைப் பார்க்கவில்லை. கழிப்பறை வாசலில் மகனுக்காகக் காத்துக்கொண்டு நின்றிருந்தேன்.

அந்தப் போட்டிக்கு இன்டர்நேஷனல் சாம்பியன்ஸ் கோப்பை என்று பெயர். சுருக்கமாக ஐசிசி. திருச்சியில் வளர்ந்தவனுக்கு ஐசிசி என்றால் கிரிக்கெட்தான். 2017-இல் வேலை முடிந்து வரும் வழியில் அந்த மூன்றெழுத்தைப் பெரிதாக ஒரு விளம்பரத்தில் பார்த்துவிட்டு, சிங்கப்பூரில் யார் யாரோடு கிரிக்கெட் ஆடப் போகிறார்கள் என்று கிட்டே போய்ப் பார்த்தேன். செல்சி, பயர்ன் மியூனிக், இன்டர் மிலான். பருவம் தொடங்குமுன் உடம்பைத் தேற்றிக்கொள்ள ஆடும் ஆட்டங்களுக்கு ஒரு கோப்பையும் ஒரு புள்ளிப் பட்டியலும் சேர்த்துக் கட்டிய போட்டி அது. 2013-இல் தொடங்கியது, 2019-இல் முடிந்தது. மொத்தம் ஏழு கோடைகள். 2020-ஆம் ஆண்டுப் போட்டியைக் கோவிட் விழுங்கியது. அதற்குப் பிறகு ஆண்களுக்கான போட்டி திரும்பி வரவில்லை. யாரும் தேடவும் இல்லை.

பெயரில் சாம்பியன்ஸ் என்று இருந்தாலும் சேர்வதற்குச் சாம்பியனாக இருக்க வேண்டியதில்லை. நாலு கண்டத்துக்கும் தெரிந்த பெயர் இருந்தால் போதும். 2013-இல் முதல் கோப்பையை மயாமியில் செல்சியை 3-1 என்று தோற்கடித்து ரியால் மாட்ரிட் வாங்கியது. அடுத்த ஆண்டு அதே மயாமியில் லிவர்பூலை அதே 3-1 கணக்கில் வென்று மான்செஸ்டர் யுனைடெட் வாங்கியது. இதை எழுதுவதற்கு முன் நாலைந்து காற்பந்துப் பைத்தியங்களிடம், 2018-இல் ஐசிசி கோப்பை யாருக்கு என்று கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை. டோட்டன்ஹாமுக்கு. அதில் இரண்டு பேர் டோட்டன்ஹாம் ரசிகர்கள்.

இப்படியொரு போட்டி ஏன் முளைத்தது என்பதற்கு என்னிடம் ஓர் உள்ளூர் விளக்கம் இருக்கிறது. ஆடி மாதத்தில் நம்மூர்க் கல்யாண மண்டபங்கள் எப்படிக் கிடக்கும்? முகூர்த்தம் இல்லை, நாற்காலிகளை அடுக்கிவைத்துவிட்டு வாட்ச்மேன் மட்டும் உட்கார்ந்திருப்பார். அமெரிக்காவில் ஜூலை மாதம் அப்படி. அவர்களுடைய ஃபுட்பால் செப்டம்பரில்தான் சூடு பிடிக்கும். எழுபது, எண்பதாயிரம் பேர் உட்காரும் அரங்கங்கள் கோடை முழுக்கச் சும்மா கிடக்கும். ஐசிசியை நடத்திய ரெலவென்ட் நிறுவனத்தைத் தொடங்கிய ஸ்டீபன் ராஸ், மயாமி டால்ஃபின்ஸ் என்ற அமெரிக்க ஃபுட்பால் அணிக்கும் அதன் அரங்கத்துக்கும் சொந்தக்காரர். காலி மண்டபத்தின் அருமை அவருக்குத் தெரியாமல் யாருக்குத் தெரியும்? அந்தப் பக்கம் ஐரோப்பிய கிளப்புகளுக்கும் ஜூலையில் வேலை இல்லை, ஆனால் சம்பளப் பட்டியல் இருக்கிறது. மண்டபமும் மாப்பிள்ளையும் கிடைத்துவிட்டால் கல்யாணம்தானே.

கூட்டமும் கூடியது. 2014 ஆகஸ்டில் மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் அரங்கத்தில் மான்செஸ்டர் யுனைடெட், ரியால் மாட்ரிட் ஆட்டத்தைப் பார்க்க 1,09,318 பேர் வந்தார்கள். அமெரிக்க மண்ணில் அதற்கு முன் எந்தக் காற்பந்து ஆட்டத்துக்கும் அவ்வளவு பேர் வந்ததில்லை. உலகக் கோப்பை இறுதியாட்டத்துக்குக்கூட. அடுத்த ஆண்டே ஆஸ்திரேலியாவுக்கும் சீனாவுக்கும் கடை விரித்தார்கள். 2016-இல் பெய்ஜிங்கில் மான்செஸ்டரின் இரண்டு அணிகளும் மோதுவதாக இருந்தது. பயிற்றுவிப்பாளர்கள் கார்டியோலாவும் மொரீனியோவும் அந்த ஊர்க்காரர்களான பிறகு நடக்கவிருந்த முதல் மோதல். மழையில் புல்தரை பாழாகி, ஆட்டம் தொடங்கச் சில மணி நேரம் இருக்கும்போது ரத்து. அந்த மோதலைப் பிறகு இங்கிலாந்தில் பார்த்துக்கொண்டார்கள், பெய்ஜிங்காரர்களுக்குத்தான் ஒன்றுமில்லை.

ஸ்பெயினில் இதைப்போன்ற கோடைக் கோப்பைகள் வெகு காலமாக உண்டு. லா கொருன்யாவில் தெரேசா எர்ரேரா கோப்பை 1946 முதல் நடக்கிறது. காடிஸ் நகரத்தின் கரான்சா கோப்பைக்கு 1955-இல் தொடக்கம். அந்தக் கோப்பை நாளில் ஊர்மக்கள் கடற்கரையில் அடுப்பு மூட்டி மீனும் இறைச்சியும் சுடும் வழக்கம் பல ஆண்டுகள் இருந்தது. நம்மூர்த் தேர்த் திருவிழா மாதிரி, யார் ஜெயித்தாலும் அது அந்த ஊர்த் திருவிழா. ஐசிசிக்கு ஊர் கிடையாது. இன்றைக்கு நியூ ஜெர்சி, நாளன்றைக்கு நான்ஜிங். ஆனால் வந்து இறங்குகிற ஊருக்கு ஏற்கெனவே ஒரு காற்பந்துக் கதை இருக்குமே, அதை என்ன செய்வது?

சிங்கப்பூரில் அந்தக் கதை இருக்கும் இடம் காலாங். இப்போதைய தேசிய விளையாட்டரங்கம் 2014-இல் திறந்தது. அதே வட்டாரத்தில் 1973 முதல் 2007 வரை இருந்தது பழைய அரங்கம். அங்கே மலேசியக் கிண்ண ஆட்டங்களின்போது எழுந்த சத்தத்துக்குக் 'காலாங் கர்ஜனை' என்றே பெயர். எங்கள் புளோக்கில் நாலாவது மாடியில் இருக்கும் அண்ணனைக் கேட்டால் மணிக்கணக்கில் சொல்வார். துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். 1977-இல் கோலாலம்பூர் மெர்டேக்கா அரங்கத்தில் பினாங்கை 3-2 என்று வென்று சிங்கப்பூர் கிண்ணத்தைக் கொண்டுவந்தபோது அவருக்கு இருபது வயது. குவா கிம் சோங்கின் கோல்கள், டோல்லா காசிம் இடுப்பை நெளித்து ஆளை ஏமாற்றுவது, சமது அல்லாபிச்சை பின்வரிசையில் மதில் மாதிரி நிற்பது, மூலையிலிருந்து ராஜகோபால் அடித்தால் பந்து வாழைப்பழம் மாதிரி வளைவது. ராஜகோபால் என்று சொல்லும்போது மட்டும் கையை வெட்டி வளைத்துக் காட்டுவார். எதிரே தேநீர்க் கோப்பை இருந்தால் ஜாக்கிரதையாக நகர்த்திவைத்துக்கொள்ள வேண்டும்.

காற்பந்து என்ற சொல்லையே அவரிடம்தான் பழகினேன். திருச்சியில் நாங்கள் கால்பந்து என்போம். "தம்பி, அது காற்பந்து. நம்ம நாட்டுச் செய்தியில அப்படித்தான் வாசிப்பாங்க" என்று வந்த புதிதில் திருத்தினார். காற்றடித்த பந்து என்றும் வைத்துக்கொள்ளலாம் என்பதால் எனக்கும் பிடித்துப்போனது.

2017-இல் அவரைக் கூப்பிட்டபோது வர மறுத்துவிட்டார். "வெள்ளைக்காரன் பயிற்சி எடுக்கிறதைக் காசு குடுத்துப் பாக்கணுமா?" என்றார். நானும் ஒன்பது வயது மகனும் மட்டும் போனோம். ஜூலை 29, செல்சிக்கும் இன்டருக்கும் ஆட்டம். செல்சி அப்போது இங்கிலீஷ் லீக்கின் நடப்புச் சாம்பியன். இன்டருக்கு ஸ்பலெட்டி பயிற்றுவிப்பாளராகப் புதிதாக வந்திருந்தார்.

பயிற்சி என்று அண்ணன் சொன்னது முக்கால்வாசி சரிதான். இந்த ஆட்டங்களில் விதிகள் இளகிவிடும். எத்தனை பேரை வேண்டுமானாலும் மாற்றலாம் என்பதுபோல மாற்றிக்கொண்டே இருப்பார்கள். முதல் பாதியில் நீங்கள் காசு கொடுத்துப் பார்க்க வந்த முகம் இரண்டாம் பாதியில் மேலாடை மாற்றிக்கொண்டு ஓரத்தில் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருக்கும். முதுகில் 52, 47 என்று எண் போட்ட பையன்கள் உள்ளே வருவார்கள். அறிவிப்பாளர் அவர்கள் பெயரைத் தயங்கித் தயங்கிச் சொல்வார். கூட்டம் யார் இது என்று கைப்பேசியில் தேடும். ஓட்டத்திலும் பாதி வேகம்தான். காலை நீட்டிப் பந்தைப் பறிக்க வேண்டிய இடத்தில், போனால் போகட்டும் என்று விடுவார்கள். எனக்கு இதில் குறை இல்லை. தொலைக்காட்சியில் எறும்பு மாதிரித் தெரிபவர்கள் ஐம்பதடி தூரத்தில் நின்று சாக்ஸைச் சரிசெய்வதைப் பார்ப்பதே பெரிய விஷயமாக இருந்தது.

இன்டர் 2-0 முன்னிலை. அப்போதுதான் ஜெஃப்ரி கோண்டோக்பியா என்ற இன்டரின் நடுக்கள ஆட்டக்காரர், நெருக்குவார் யாரும் பெரிதாக இல்லாதபோது, நடுக்கோட்டுக்குக் கொஞ்சம் இந்தப் பக்கமிருந்து பந்தைத் தன் கோல்காப்பாளருக்குத் திருப்பித் தந்தார். தந்தார் என்பது அவர் எண்ணம். பந்து மேலே ஏறியது. கோல்காப்பாளர் முன்னால் வந்து நின்றிருந்தார். அவர் தலைக்கு மேலே போய், அழகாக வளைந்து இறங்கி, வலைக்குள் விழுந்தது. அரங்கத்தில் முதலில் சத்தமே இல்லை. எந்த அணிக்குக் கோல் என்று எல்லாரும் ஒருமுறை மனசுக்குள் கணக்குப் போட்டார்கள். பிறகு ஒரு சிரிப்பு, ஓர் ஓரத்தில் தொடங்கி அலை மாதிரிச் சுற்றி வந்தது. என் மகன் எழுந்து நின்று கை தட்டினான். "அப்பா, இது நல்ல கோலா கெட்ட கோலா?" என்று கேட்டான். அன்றைக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. இன்டர் 2-1 என்று வென்றது, கோண்டோக்பியா அடுத்த மாதமே வலென்சியாவுக்குப் போனார். அதிகாரபூர்வக் கணக்கில் அந்தச் சொந்த கோலும் இல்லை. அவருக்கு அது நல்லதாகப் போயிற்று.

வீட்டுக்கு வந்து அண்ணனிடம் இதைச் சொன்னதும் அவர் முகம் மாறியது. அரைமைதானத்திலிருந்து சொந்த கோல்! பயிற்சி ஆட்டமாவது ஒன்றாவது, அதைப் பார்க்காமல் விட்டோமே என்று அன்றைக்கு முழுக்கப் புலம்பினார். அடுத்த முறை கட்டாயம் வருகிறேன் என்றார்.

2018-இல் ஆர்சனல், அட்லெட்டிகோ மாட்ரிட், பாரிஸ் அணிகள் வந்தபோது நான் ஊரில் ஒரு கல்யாணத்தில் இருந்தேன். ஆகவே அடுத்த முறை என்பது 2019.

அந்த ஆண்டு சிங்கப்பூருக்கு நாலு அணிகள். சனிக்கிழமை மான்செஸ்டர் யுனைடெட்டும் இன்டரும், ஞாயிறு யுவென்டஸும் டோட்டன்ஹாமும். நாங்கள் ஞாயிற்றுக்கு வாங்கினோம், காரணம் ரொனால்டோ. மூன்று டிக்கெட்டுக்குக் கொடுத்த சிங்கப்பூர் வெள்ளியில் நான் திருச்சிக்கு ஒருவழி டிக்கெட் போட்டிருக்கலாம். மகன் யுவென்டஸ் சட்டை போட்டுக்கொண்டான். முந்தைய ஆண்டின் கறுப்பு வெள்ளைக் கோடு போட்டது. அந்த ஆண்டு யுவென்டஸ் கோடுகளையே கைவிட்டுப் பாதி கறுப்பு, பாதி வெள்ளை என்று மாறியிருந்தது. ஸ்டேடியம் எம்ஆர்டி ரயில் நிலையத்தில் இறங்கியதுமே புதுச் சட்டைகளைப் பார்த்து அவனுக்குக் கொஞ்சம் கூச்சம். "நீ போட்டிருக்கிறதுதான்டா நிஜ சட்டை, அது ஏதோ பள்ளிக்கூட யூனிபாரம்" என்று அண்ணன் தேற்றினார்.

அரங்கத்துக்குள் நுழைந்ததும் அவர் பேச்சை நிறுத்திவிட்டார். கூரையைப் பார்த்தார். ஒரு பக்கம் திறந்திருக்கும் அந்த வாயில் வழியாகத் தண்ணீருக்கு அப்பால் நகரத்துக் கட்டடங்கள் தெரிந்தன. இருக்கைக்கு அடியிலிருந்து குளிர்காற்று வந்தது. "எங்க காலத்துல சிமெண்டுப் படி தம்பி. மழை பெஞ்சா செய்தித்தாள்தான் குடை" என்றார். அதற்குப் பிறகு ரொம்ப நேரம் ஒன்றும் சொல்லவில்லை.

ஆட்டம் எதிர்பார்த்ததைவிட நன்றாக இருந்தது. டோட்டன்ஹாம் ஐம்பது நாளுக்கு முன்புதான் மாட்ரிடில் சாம்பியன்ஸ் லீக் இறுதியாட்டத்தில் லிவர்பூலிடம் தோற்றிருந்தது. யுவென்டஸுக்கு மவுரீட்சியோ சாரி பயிற்றுவிப்பாளராக வந்த பிறகு முதல் ஆட்டம். ஓராண்டு பாரிஸில் இருந்துவிட்டு கோல்காப்பாளர் பூஃபோன் திரும்பியிருந்தார். 30-ஆவது நிமிடத்தில் லமேலா அடித்து டோட்டன்ஹாம் முன்னிலை. இடைவேளைக்குப் பிறகு இகுவாயின் சமன் செய்தார், நாலு நிமிடத்தில் ரொனால்டோ இன்னொன்று. மகன் தொண்டை கிழியக் கத்தினான். பக்கத்திலிருந்த சீனத் தாத்தா அவனோடு கை தட்டிக்கொண்டார். ஆனால் அந்தச் சத்தம் அடங்குமுன் ரொனால்டோவை வெளியே எடுத்துவிட்டார்கள், லூக்காஸ் மோரா அடித்து 2-2 ஆகிவிட்டது.

ரொனால்டோ போனதும் என் மகனுடைய ஆட்டமும் முடிந்துவிட்டது. சுற்றிலும் பார்த்தேன். நிறையப் பேருக்கு அப்படித்தான். கைப்பேசிகள் முளைத்தன. நாலைந்து பையன்கள் கைகளை உயர்த்தி அலையைக் கிளப்பிவிட்டார்கள். ஆட்டத்தைக் கண்ணெடுக்காமல் பார்த்தது அண்ணன் ஒருவர்தான்.

நான் தவறு செய்த இடம் இது. ஐசிசியில் சமநிலை கிடையாது. 90 நிமிடம் முடிந்து கோல்கள் சமமாக இருந்தால் நேராகப் பெனால்டி உதைகள். அதில் வென்றால் இரண்டு புள்ளி, தோற்றால் ஒரு புள்ளி. இந்த விதியை முந்தின நாளே மகனுக்கு விளக்கியிருந்தேன். 88-ஆவது நிமிடம் அவன் கழிப்பறை போக வேண்டும் என்றான். மூளை கணக்குப் போட்டது. இனி யாரும் கோல் அடிக்கப் போவதில்லை. எல்லாரும் களைத்துவிட்டார்கள், இது நட்புமுறை ஆட்டம் வேறு. பெனால்டிக்கு முன்னால் போய்விட்டு வந்தால் நல்ல காட்சி முழுதும் கிடைக்கும். "அண்ணே, நீங்களும் வர்றீங்களா?" என்றேன். "விசில் ஊதுற வரைக்கும் எந்திரிக்க மாட்டேன். எழுபத்தேழுல இருந்து அதான் பழக்கம்" என்றார்.

கழிப்பறை வாசலில் நிற்கிறேன். உள்ளேயிருந்து கைகாய வைக்கும் இயந்திரத்தின் இரைச்சல். அதையும் மீறித் தரை அதிர்ந்தது. அது கோல் சத்தம் மாதிரியே இல்லை. கோல் சத்தம் படிப்படியாக ஏறும். வாய்ப்பு உருவாகும்போது ஒரு 'ஊ', உதைக்கும்போது மூச்சடங்கல், பிறகு வெடிப்பு. இதில் முதல் இரண்டும் இல்லை. ஒன்றுமே இல்லாத இடத்திலிருந்து நேராக வெடிப்பு. பக்கத்தில் நின்றவர் என்னைப் பார்த்தார், நான் அவரைப் பார்த்தேன். இரண்டு பேரும் ஓடவில்லை. ஓடி என்ன பயன்?

என்ன நடந்தது என்பது பிறகு எல்லாருக்கும் தெரிந்ததுதான். நடுவட்டத்தில் யுவென்டஸின் ரபியோ பந்தை இழக்க, அது கேனின் காலடிக்கு வந்தது. அவர் நிறுத்தவில்லை, நிமிர்ந்துகூடப் பார்க்காததுபோல அப்படியே உதைத்தார். யுவென்டஸ் கோல்காப்பாளர் ஸ்செஸ்னி கோல் கோட்டைவிட்டு முன்னால் வந்திருந்தார். பின்னால் ஓடினார், எட்டவில்லை. 3-2. உலகம் முழுக்க அந்தக் காணொளி சுற்றியது. நான் அதை முதன்முதலில் பார்த்தது எம்ஆர்டி நடைமேடையில், முன்னால் நின்ற பெண்ணின் கைப்பேசியில், அவருடைய தோளுக்கு மேலாக.

நாங்கள் இருக்கைக்குத் திரும்பியபோது அண்ணன் நின்றுகொண்டிருந்தார். பக்கத்துச் சீனத் தாத்தாவும் நின்றுகொண்டிருந்தார். இருவரும் மலாயில் ஏதோ பேசிக்கொண்டிருந்தார்கள், தோளில் தட்டிக்கொண்டார்கள். என்னைப் பார்த்ததும் அண்ணன் வாயைத் திறந்தார், மூடிக்கொண்டார். "நீ பாக்கலையா?" என்றார் மகனிடம். அவன் இல்லை என்று தலையாட்டினான். அந்த முகத்தில் என் மேல் இருந்த கோபத்தை இன்றைக்கும் என்னால் வரைந்து காட்ட முடியும்.

ஆக, என் கணக்கு இதுதான். அந்த அரங்கத்தில் இரண்டு ஆண்டு இடைவெளியில் அரைமைதானத் தூரத்திலிருந்து இரண்டு கோல்கள் விழுந்தன. ஒன்று தப்பிப் பிறந்தது, மற்றது மகா அற்புதம். தப்பிப் பிறந்ததை நேரில் பார்த்தேன்.

கோப்பை? சிங்கப்பூருக்கு வந்த நாலு பேருக்கும் இல்லை. மூன்று ஆட்டங்களையும் அமெரிக்காவில் ஆடி மூன்றையும் வென்ற பென்ஃபிகாவுக்கு. நாங்கள் பார்த்தது ஒரு பட்டியலில் இருந்த ஆட்டம் என்பதே ஒரு வாரம் கழித்துத்தான் நினைவுக்கு வந்தது.

யுவென்டஸ் இங்கிருந்து நான்ஜிங் போய் 24-ஆம் தேதி இன்டரோடு ஆடியது, 26-ஆம் தேதி தென்கொரியத் தலைநகர் சோலில் இறங்கியது. அது ஐசிசி ஆட்டமல்ல, தென்கொரிய லீக்கின் நட்சத்திர அணியோடு தனி ஆட்டம். ரொனால்டோ குறைந்தது 45 நிமிடம் ஆடுவார் என்று ஒப்பந்தம். அவர் ஒரு நிமிடம்கூட ஆடவில்லை, ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். அறுபதாயிரத்துக்கு மேற்பட்டவர்கள் கடைசியில் மெஸ்ஸியின் பெயரைச் சொல்லிக் கத்தினார்கள். ரசிகர்கள் வழக்குப் போட்டார்கள், ஏற்பாட்டாளர் இழப்பீடு தர வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. செய்தியைப் படித்துவிட்டு மகனிடம், "பார்த்தாயா, நமக்கு ஒரு மணி நேரமும் ஒரு கோலும் கிடைத்தது" என்றேன். கழிப்பறைக் கோபம் தணிய அது கொஞ்சம் உதவியது.

ஓரத்தில் உட்காரவைப்பதில் கிளப்புக்கும் ஒரு நியாயம் உண்டு என்பதையும் சொல்ல வேண்டும். அதே வாரம் அமெரிக்காவில் ஆர்சனலோடு நடந்த ஐசிசி ஆட்டத்தில் ரியால் மாட்ரிடின் மார்கோ அசென்சியோவுக்கு முழங்கால் தசைநார் அறுந்தது. கணக்கில் வராத ஆட்டத்தில் விழுந்து, கணக்கில் வரும் ஆட்டங்களில் கிட்டத்தட்ட ஒரு பருவத்தை இழந்தார். அடுத்த ஆண்டு ஜூனில் வலென்சியாவுக்கு எதிராக மாற்று ஆட்டக்காரராக இறங்கி, பந்தை முதல் தடவை தொட்டதுமே கோல் அடித்தார் என்பது தனிக்கதை. அசென்சியோ விழுந்த ஆட்டத்துக்கு மூன்று நாள் கழித்து நியூ ஜெர்சியில் அட்லெட்டிகோ ரியாலை 7-3 என்று துவைத்தது. டியகோ கோஸ்டா நாலு கோல் அடித்து, சண்டையும் போட்டு, சிவப்பு அட்டை வாங்கிக்கொண்டு போனார். நட்புமுறையாம்!

2017-இல் மயாமியில் பார்சிலோனாவும் ரியாலும் மோதிய ஆட்டம்தான் இந்தப் போட்டியின் உச்சம் என்பார்கள். பார்சிலோனா 3-2. நெய்மார் பார்சிலோனா சட்டையில் ஆடிய கடைசி ஆட்டம் அது. சில நாளில் 22 கோடியே 20 லட்சம் யூரோவுக்குப் பாரிஸ் போய்விட்டார். ஏற்பாட்டாளர்களுக்கு அங்கேயே ஆசை தொற்றியிருக்க வேண்டும். நட்புமுறை ஆட்டத்துக்கே இவ்வளவு என்றால் நிஜ லீக் ஆட்டத்தைக் கொண்டுவந்தால்? ஜிரோனா, பார்சிலோனா லீக் ஆட்டத்தை 2019 ஜனவரியில் மயாமியில் நடத்தப் பார்த்தார்கள். ஸ்பெயினில் ஆட்டக்காரர்கள் சங்கம் எதிர்த்தது, கூட்டமைப்பு எதிர்த்தது, பார்சிலோனா விலகிக்கொண்டது. 2025-இல் வியாரியால் அணியை வைத்து மறுபடி முயன்றார்கள், அதுவும் கைகூடவில்லை. ஆனால் ஐசிசி மறைந்ததால் ரெலவென்ட் நொடித்துவிடவில்லை. ஐரோப்பிய சாம்பியன்ஸ் லீக்கின் ஒளிபரப்பு உரிமையை விற்கும் வேலை இப்போது அவர்களிடம். ஆடி மாத மண்டபத்தை விட்டுவிட்டுத் தை மாத முகூர்த்தத்துக்கே வந்துவிட்டார்கள்.

கிளப்புகளும் தரகர் இல்லாமல் ஊர் சுற்றக் கற்றுக்கொண்டன. சிங்கப்பூருக்கு ஐசிசி போனாலும் அணிகள் வராமல் இல்லை. 2023 ஜூலையில் டோட்டன்ஹாம் மறுபடி வந்து, உள்ளூர் லயன் சிட்டி செய்லர்ஸை 5-1 என்று வென்றது. கேன் ஒரு பெனால்டி அடித்தார். அதுவும் 280-இல் சேரவில்லை. சில வாரங்களில் மியூனிக் போய்விட்டார். அந்த ஆட்டத்துக்கு நாங்கள் போகவில்லை. மகனுக்குத் தேர்வு, அண்ணனுக்கு முழங்கால் வலி.

ஆனால் கேனின் கோல் எங்கள் புளோக்குக்குக் கீழே கோப்பிக்கடையில் இன்னும் விழுந்துகொண்டுதான் இருக்கிறது. ஞாயிறு காலையில் அண்ணன் தே ஓ, அதாவது பாலில்லாத தேநீர்க் கோப்பையைத் தள்ளிவைப்பார். அதுதான் ஸ்செஸ்னி. என் கோப்பியைப் பிடுங்கி நடுவில் வைப்பார், ரபியோ. சர்க்கரைப் பொட்டலம் பந்து. முதல் ஆண்டில் பொட்டலம் மேசையின் நடுவிலிருந்து கிளம்பியது. கோவிட் முடிந்து கடையில் மறுபடி உட்கார அனுமதித்தபோது, நடுவுக்குக் கொஞ்சம் பின்னால் போயிருந்தது. போன மாதம் ஏறக்குறைய என் மடியிலிருந்து கிளம்பியது.

மகன் இப்போது என்னைவிட உயரம். அவனுக்குப் பொறுக்கவில்லை. கைப்பேசியை எடுத்துக் காணொளியைப் போட்டு, நடுக்கோட்டில் நிறுத்தி, அண்ணன் முகத்துக்கு நேரே நீட்டினான்.

"தாத்தா, இங்க பாருங்க. கோடு தெரியுதா? இங்கருந்துதான் அடிச்சாரு."

அவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு இரண்டு முறை பார்த்தார்.

"இது கேமரா இருந்த பக்கம்" என்றார். "நான் உக்காந்திருந்தது எதிர்ப் பக்கம்."

பிறகு சர்க்கரைப் பொட்டலத்தை எடுத்து, இன்னும் ஒரு விரல்கடை பின்னால் தள்ளி வைத்தார்.